அண்ணனின் ஆள்காட்டி விரல்

ஜூன் பிறந்துவிட்டால் எங்கள் வீட்டுக் கூடம் எங்களுடையது அல்ல. தென்காசியில் சொந்த வீடு உள்ள எல்லோருக்கும் இது பொருந்தும். மலையில் சாரல் தொடங்கியது என்று பத்திரிகையில் வந்த மறுநாளே உறவினர்களிடமிருந்து தொலைபேசி வரும். "தண்ணி எப்படி விழுது?" என்பார்கள். அது தண்ணீரைப் பற்றிய கேள்வி அல்ல, கூடத்தில் எத்தனை பாய் விரிக்க இடமிருக்கிறது என்ற கேள்வி. யாரையும் நான் குறைசொல்ல முடியாது. அந்தச் செய்தியை எழுதுகிறவனே நான்தான். ஒரு நாளிதழின் மாவட்டப் பக்கங்களை இருபத்திரண்டு ஆண்டுகளாகப் பார்த்துவருகிறேன், கடைசிச் சில ஆண்டுகளாக வீட்டிலிருந்தபடியே. 'குற்றாலத்தில் சீசன் களைகட்டியது' என்ற தலைப்பை எத்தனை தடவை வைத்திருப்பேன் என்று எனக்கே தெரியாது.

பெரிய டிவி கூடத்தில்தான் இருக்கிறது. அதன் கீழே என்னுடைய விளையாட்டுக் கன்சோல். நாற்பத்தைந்து வயது ஆண் கன்சோல் வாங்கினால் ஊரில் ஒரு மாதிரி பார்ப்பார்கள். நான் மணம் செய்துகொள்ளாதவன் என்பதால் அதற்கும் இதற்கும் முடிச்சுப் போட்டுச் சமாதானம் அடைந்துவிட்டார்கள். வீட்டில் அண்ணன், மதினி, நான் ஆக மூன்று பேர். சீசன் மாதங்களில் எட்டு, பத்து, சில நாட்களில் பதினாறு. டிவிக்கு நேர் கீழே யாராவது ஈரத்தலையோடு படுத்திருப்பார்கள்.

அதனால்தான் போன வருஷத்துக்கு முந்தின சீசனில் அந்தக் கைக்கருவியை வாங்கினேன். நடுவில் ஒரு திரை, இரண்டு பக்கமும் பிடித்துக்கொள்ளக் கைப்பிடி, பொத்தான்கள். அதற்குள் விளையாட்டு எதுவும் கிடையாது. கூடத்தில் இருக்கும் கன்சோல்தான் விளையாட்டை ஓட்டும். அதன் படத்தை வைஃபை வழியாக இந்தத் திரை வாங்கிக் காட்டும். நான் என் அறையில் கட்டிலில் சாய்ந்துகொண்டு இங்கே பொத்தானை அழுத்தினால் அங்கே கூடத்தில் கன்சோல் கீழ்ப்படியும். டிவியும் போட்டிருந்தால் அதே படம் அதிலும் ஓடும். அண்ணன் அதற்கு 'சின்ன டிவி' என்று பெயர் வைத்திருந்தான்.

அண்ணன் காவல்துறை ஆயுதப்படையில் ஓட்டுநர். என்னைவிட ஆறு வயது மூத்தவன். அதிகாரிகளின் ஜீப்பிலிருந்து கைதிகளை ஏற்றும் வேன்வரை எல்லாம் ஓட்டியவன். புளியறைச் சோதனைச் சாவடிக்குப் போகும் மலைப்பாதையில் லாரிகளுக்கு நடுவே அவன் வண்டியை நுழைத்து எடுப்பதை முன்சீட்டில் உட்கார்ந்து பலமுறை பார்த்திருக்கிறேன். வளைவுக்குள் நுழையும் முன்பே வேகத்தைக் குறைத்துவிடுவான். வளைவுக்குள் போனபின் பிரேக்கைத் தொடமாட்டான். வலது தோளை மட்டும் ஒரு விரற்கடை முன்னால் கொண்டுவருவான். "ஸ்டியரிங்கப் புடிச்சாத்தாம்லே எனக்குப் பேச்சே வரும்" என்பான். அது உண்மைதான். வீட்டில் அவன் அதிகம் பேசுகிறவன் இல்லை.

பிப்ரவரியில் அவனுக்குப் பக்கவாதம் வந்தது. பேச்சு ஒரு வாரத்தில் தெளிந்துவிட்டது. கால் இரண்டு மாதத்தில் ஓரளவு தேறியது. வலது கை மட்டும் பிறத்தியார் கை மாதிரி மடியில் கிடந்தது. அக்டோபர்வரை மருத்துவ விடுப்பு கிடைத்தது. அதன்பின் திருநெல்வேலியில் மருத்துவக் குழு முன் நிற்க வேண்டும். கை சரியாக இருந்தால் மறுபடி ஓட்டுநர். இல்லையென்றால் ஏதாவது ஒரு நாற்காலி. நாற்காலியைப் பற்றி அவனிடம் யாரும் பேசவில்லை. அவன் கேட்கவும் இல்லை.

செங்கோட்டையிலிருந்து ஒரு பிசியோதெரபிப் பெண் வாரத்தில் மூன்று நாள் ஸ்கூட்டரில் வருவாள். முப்பது வயதுக்குள் இருக்கும். அவள் கொடுத்த பயிற்சிகள் பார்க்கச் சலிப்பூட்டுபவை. ஒரு கிண்ணத்திலிருந்து இன்னொரு கிண்ணத்துக்கு மொச்சைக்கொட்டையை ஒவ்வொன்றாக எடுத்துப் போட வேண்டும். துணி காயப்போடும் கிளிப்பைப் பிதுக்கிப் பிதுக்கிப் பிடிக்க வேண்டும். அண்ணன் நான்கு கொட்டை எடுப்பதற்குள் வேர்த்துவிடுவான்.

ஒருநாள் அவள் டிவிக்குக் கீழே இருந்த கண்ட்ரோலரைப் பார்த்தாள்.

"சார், இதுல ஆள்காட்டி விரலுக்குக் கீழ ஒரு பட்டன் இருக்கும்லா? கார் ஓட்டுத கேம் ஏதாவது இருக்கா?"

"இருக்கு."

"அப்ப அத ஓட்டச் சொல்லுங்க. மொச்சக்கொட்டைக்கு இது தேவல. டிரைவர் சார் ஆர்வமா செய்வாங்க."

அவள் சொன்ன பட்டன் உண்மையில் ஒரு விசை. எவ்வளவு அழுத்துகிறோமோ அவ்வளவு வேகம். லேசாகத் தொட்டால் கார் ஊரும், முழுக்க அழுத்தினால் பறக்கும். திரையின் வலது மூலையில் வேகம் எண்ணில் தெரியும். அதாவது அண்ணனின் விரலில் எவ்வளவு பலம் இருக்கிறது என்பதை அந்த எண் ஒளிக்காமல் சொல்லும். மார்ச்சில் ஐந்து. ஏப்ரல் நடுவில் ஒன்பது. மே கடைசியில் பதினெட்டு. ஒவ்வொரு நாள் எண்ணையும் நாள்காட்டித் தாளின் பின்பக்கம் குறித்துவைத்தேன். தொழில் பழக்கம். அந்த எண்களில் ஒன்றுகூடத் தவறு இல்லை.

கண்ட்ரோலரின் நடுவே ஒரு மெல்லிய விளக்குப் பட்டை உண்டு. முதல் ஆட்டக்காரர் கையில் இருந்தால் நீலமாக எரியும். இரண்டாம் ஆட்டக்காரர் கைக்குப் போனால் சிவப்பு. அந்த மூன்று மாதமும் அது நீலமாகத்தான் எரிந்தது.

ஜூன் இரண்டாம் வாரம் கோயம்புத்தூரிலிருந்து சித்தப்பா மகன் குடும்பத்தோடு வந்து இறங்கினான். எனக்கு மூத்தவன், அண்ணனுக்கு இளையவன். அவர்கள் ஏழு பேர். வந்த மறுநாளே மெயின் அருவியில் வெள்ளம் வந்து குளிக்கத் தடை போட்டுவிட்டார்கள். ஐந்தருவியிலும் தடை. இப்படித் தடை விழுகிற நாட்களைப் பற்றி என் பத்திரிகை 'சுற்றுலாப் பயணிகள் ஏமாற்றம்' என்று எழுதும். அந்தப் பயணிகள் ஏமாந்த பிறகு எங்கே போகிறார்கள் என்று எழுதியதில்லை. எங்கள் வீட்டுக் கூடத்துக்கு வருகிறார்கள். எண்ணெய் தேய்த்த தலையோடு, குளிக்காமல், பொழுது போகாமல், மதினி சுடும் பஜ்ஜியைத் தின்றுகொண்டு சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருப்பார்கள்.

அன்று அண்ணன் வழக்கம்போல் நான்கு மணிக்குக் கண்ட்ரோலரை எடுத்தான். ஏழு பேரும் திரும்பி உட்கார்ந்தார்கள். கார் கிளம்பியது. பதினான்கு. பதினாறு. ஒரு மாட்டுவண்டிகூட முந்திப்போகும் வேகம். விளையாட்டில் பின்னால் வந்த கார்கள் ஒவ்வொன்றாக ஹாரன் அடித்துக்கொண்டு கடந்தன.

சித்தப்பா மகன் கொஞ்ச நேரம் பொறுத்தான். பிறகு, "அண்ணே, ஜீப் ஓட்டுன கையா இது? பொணம் தூக்கிட்டுப் போற மாதிரில்லா ஓட்டுதிய" என்றான்.

கூடம் சிரித்தது. அண்ணனும் சிரித்தான். முகத்தின் வலதுபாதி கொஞ்சம் தாமதமாகச் சிரித்தது.

"இவனுக்குக் கோயம்புத்தூர்ல காரு இருக்குலே. டிரைவரும் இருக்கான். அதான் நமக்குச் சொல்லித் தாரான்" என்று என்னைப் பார்த்துச் சொன்னான்.

மறுபடி சிரிப்பு. சித்தப்பா மகன் கெட்டவன் அல்ல. அவன் வாய் அப்படி. அண்ணன் ஆஸ்பத்திரியில் கிடந்தபோது மூன்று நாள் கூடவே இருந்தவனும் அவன்தான். ஆனால் அண்ணன் கண்ட்ரோலரைத் தரையில் வைத்தான். அன்று மொச்சைக் கிண்ணத்தையும் தொடவில்லை. சாயங்காலம் என் அறை வாசலில் வந்து நின்று, "அந்தக் கேம எடுத்து உள்ள வச்சிரு. சீசன் முடிஞ்சபொறவு பாக்கலாம்" என்றான்.

சீசன் முடிய ஆகஸ்ட் ஆகிவிடும். முதல் ஆறு மாதம்தான் கைக்கு முக்கியம் என்று பிசியோ பெண் சொல்லியிருந்தாள். அவன் இப்போது நிறுத்தினால் கை போய்விடும் என்று நான் நினைத்தேன். நான் செய்ததற்கு இருந்த நல்ல காரணம் இது ஒன்றுதான். அதனால் முதலில் சொல்லிவிடுகிறேன்.

மறுநாளும் தடை நீடித்தது. மதியம் எல்லோரும் கண்ணயர்ந்திருந்தபோது கன்சோலில் இரண்டாம் ஆட்டக்காரராக அண்ணன் பெயரைச் சேர்த்தேன். கண்ட்ரோலரை அந்தப் பெயருக்கு மாற்றினேன். விளக்கு சிவப்பானது. கைக்கருவியை என் பெயரில் இணைத்தேன். இந்தக் கார் விளையாட்டு முதல் ஆட்டக்காரர் சொல்வதை மட்டும்தான் கேட்கும். இனி கூடத்தில் அண்ணன் என்ன அழுத்தினாலும் அது எங்கும் போய்ச் சேராது. என் அறையில் நான் அழுத்துவதுதான் டிவியில் ஓடும்.

நான்கு மணிக்கு அண்ணனிடம் கண்ட்ரோலரைக் கொடுத்தேன். "நேத்து ஏதோ செட்டிங் கோளாறு. இப்ப சரிபண்ணிருக்கேன். அமுக்கிப் பாரு."

"வேண்டாம்லே."

"ஒரு ரவுண்டு."

என் அறைக்குப் போய்க் கதவை ஒருசாண் திறந்துவைத்தேன். அந்த இடைவெளியில் அண்ணனின் முதுகும் வலது தோளும் தெரிந்தன. விரல் தெரியவில்லை. தோள் முன்னால் வந்ததும் அழுத்தினேன். முப்பது. ஐம்பது. முதல் வளைவுக்கு முன் அவன் எங்கே குறைப்பானோ அங்கே குறைத்தேன், எப்படித் திருப்புவானோ அப்படித் திருப்பினேன். நேர்சாலை வந்ததும் எண்பது, நூறு, நூற்றுப்பத்து.

கூடத்தில் பேச்சு நின்றது. பிறகு சித்தப்பா மகன், "ஏ, போலீஸ்காரரு வண்டிய எடுத்துட்டாருய்யா. எல்லாரும் ஓரம் போங்க" என்றான். அடுப்படியிலிருந்து மதினி கரண்டியோடு வந்து நின்றாள். அண்ணன் திரையைப் பார்க்கவில்லை. குனிந்து தன் விரலைப் பார்த்துக்கொண்டிருந்தான். அவன் அப்படிக் குனிந்தபோதும் கார் சரியாகச் சாலையில் போய்க்கொண்டிருந்தது. அதை அங்கே ஒருவரும் கவனிக்கவில்லை.

ஒரு நாளோடு நிறுத்தியிருக்கலாம். நிறுத்தவில்லை. மறுநாள் நான்கு மணிக்கு முன்பே அவன் டிவி முன்னால் உட்கார்ந்துவிட்டான். கோயம்புத்தூர்க்காரர்கள் போனார்கள், விருதுநகரிலிருந்து மதினியின் சொந்தக்காரர்கள் வந்தார்கள். வந்தவர்களுக்கெல்லாம் மதினியே சொன்னாள். "இவுக கார் ஓட்டுதத நீங்க பாக்கணும். சாயங்காலம் நாலு மணிக்கு." பழைய அருவிக்குப் போனவர்கள் நான்கு மணிக்குள் திரும்பிவிடுவார்கள். நானும் பத்திரிகைப் பக்கங்களின் வேலையை மூன்றரைக்குள் முடித்துவிட்டு அறைக்குள் போய்விடுவேன். "தம்பிக்கு எப்பவும் வேலை" என்று விருந்தாளிகள் பரிதாபப்பட்டார்கள்.

சொல்ல வேண்டிய இன்னொன்று. அவனுடைய இடது கைக்கு ஒன்றும் ஆகவில்லை. அதுவரை காரைத் திருப்பியது அவனுடைய இடது கட்டைவிரல்தான், நன்றாகவே திருப்பியது. ஒரு விரலை இரவல் கொடுக்கப்போய் மீதி ஒன்பது விரல்களையும் அவனிடமிருந்து நான் எடுத்துக்கொண்டேன். இது எனக்கு அப்போது தோன்றவில்லை. தோன்றியது வேறு. நான் நன்றாக ஓட்டினேன். கூடத்தில் கைதட்டினார்கள். அந்தக் கைதட்டல் கதவிடுக்கு வழியாக எனக்கும் கேட்டது.

சில நேரம் கார் அவன் நினைத்ததற்குக் கொஞ்சம் பிந்தித் திரும்பும். "இது ஒரு நிமிசம் லேட்டாக் கேக்குதே" என்பான். பிறகு அவனே, "நம்ம ஜீப்பும் அப்படித்தான்" என்று சொல்லிக்கொள்வான்.

ஜூலை முதல் வாரத்தில் மொச்சைக் கிண்ணத்தில் வண்டு விழுந்திருந்தது. மதினி அதைக் கொல்லையில் கொட்டினாள். யாரும் புதிதாக நிரப்பவில்லை.

அதே வாரம் பிசியோ பெண்ணிடம் அண்ணன், "ஒனக்கு எதுக்கும்மா அலைச்சல்? நான் நூத்திப்பத்துல போயிட்டிருக்கேன்" என்றான். அவள் அவன் கையைப் பிடித்து விரல்களை அமுக்கிப் பார்த்தாள். எழுந்தாள். வாசலில் ஸ்கூட்டரை எடுக்கும்போது என்னைக் கூப்பிட்டாள்.

"சார், எனக்குக் கையில அந்த அளவு பலம் தெரியல. நெசமாவே அவங்க விரல்தான் அமுக்குதா? நீங்க பாத்தீங்களா?"

இருபத்திரண்டு ஆண்டுகளாக நிருபர்களிடம் நான் கேட்டுவந்த கேள்வி அது. யார் சொன்னார்கள், நீ பார்த்தாயா. பார்த்தேன் என்று சொல்லத் தயங்குகிறவனின் செய்தியை நிறுத்திவைத்திருக்கிறேன். கூடத்தில் மதினி யாரிடமோ சிரித்துப் பேசிக்கொண்டிருந்தாள்.

"பார்த்தேன்" என்றேன்.

"அப்ப சரி சார். சிலருக்குத் திடீர்னு வரும்." ஹெல்மெட்டை மாட்டிக்கொண்டு போனாள். அதன்பின் அவள் வரவில்லை.

ஜூலைக் கடைசியில் விருந்தாளிகள் கிளம்பிய அன்று அண்ணன் என்னிடம் வந்து, "அக்டோபர் வரைக்கும் எதுக்கு வீட்ல கெடக்கணும்? ஒரு மனு எழுது. முன்கூட்டியே போர்டுக்கு அனுப்பச் சொல்லிக் கேப்போம்" என்றான். அப்போது சொல்லியிருக்கலாம். நான் கணினியைத் திறந்தேன். 'எனது வலது கை முழுமையாகக் குணமடைந்துவிட்டபடியால்' என்று தட்டச்சு செய்தேன். பிறகு 'முழுமையாக' என்ற சொல்லை நீக்கினேன். அவ்வளவுதான் என்னால் முடிந்த நேர்மை. அண்ணன் தோளுக்குப் பின்னால் நின்று வாசித்துவிட்டு, "முழுமையாங்கத ஏன் எடுத்த? போடு" என்றான். போட்டேன்.

ஆகஸ்டில் அழைப்பு வந்தது. இருவரும் திருநெல்வேலிக்குப் பேருந்தில் போனோம். ஆலங்குளத்தில் பேருந்து பத்து நிமிடம் நின்றது. இறங்கி டீ குடித்தோம். கடைக்காரர் கிளாஸை நீட்டியதும் அண்ணன் இடது கையால் வாங்கினான். வலது கை சட்டைப்பையை ஒட்டி மடங்கியிருந்தது. வீட்டில் அன்றாடம் பார்க்கிற காட்சிதான். அன்றுதான் பார்த்தேன். டீ சூடாக இருந்தது, நான் அதைக் குடித்து முடிப்பதற்குள் மூன்று தடவை வாயைத் திறந்தேன். மூன்று தடவையும் கண்டக்டர் விசில் ஊதாமலேயே நான் நிறுத்திக்கொண்டேன்.

மருத்துவக் குழு இருந்த அறையின் கதவில் மேல்பாதி கண்ணாடி. நான் வெளியே நின்றேன். ஒரு மருத்துவர் கைப்பிடி போன்ற ஒரு கருவியை அண்ணனிடம் கொடுத்தார். அழுத்தச் சொல்லியிருப்பார். அண்ணனின் தோள் முன்னால் வந்தது. கதவுக்கு இந்தப் பக்கம் என் ஆள்காட்டி விரல் மடங்கியது. மருத்துவர் கருவியின் முள்ளைப் பார்த்தார், இன்னொரு தடவை என்று சைகை காட்டினார். தோள் மறுபடி வந்தது. பிறகு சட்டையின் மேல் பொத்தானைக் கழற்றி மாட்டச் சொன்னார்கள். கழற்றிவிட்டான். ஐந்து நிமிடம் அவர்கள் பொறுமையாகக் காத்திருந்தார்கள். அவர்களை நான் ஒரு குறையும் சொல்ல முடியாது.

வெளியே வரும்போது அண்ணனின் மேல் பொத்தான் திறந்தே இருந்தது. நான் கையை நீட்டினேன். அவன் நகர்ந்துகொண்டான். 

மறுநாள் நான்கு மணிக்கு அவன் டிவி முன்னால் உட்கார்ந்தான். வீட்டில் விருந்தாளி யாரும் இல்லை. மதினி காசிவிசுவநாதர் கோயிலுக்குப் போயிருந்தாள். நான் அறைக்குப் போக எழுந்தேன்.

"எங்கன போற? இங்கன உக்காரு."

உட்கார்ந்தேன். கண்ட்ரோலரை மடியில் வைத்து வலது விரலை இடது கையால் எடுத்து விசையின் மேல் வைத்தான். அழுத்தினான். ஒன்றும் நடக்கவில்லை.

"இந்த லைட் ஏன் செவப்பா எரியுது?"

நான் விளக்கைப் பார்த்தேன்.

"மே மாசம் பூரா நீலமா எரிஞ்சிது. பதினெட்டுல போனேன். கோயம்புத்தூரான் வந்து கேலி பண்ணுன மறுநாள்லேர்ந்து செவப்பு. நூத்திப்பத்து. நீ அன்னைலேர்ந்துதான் நாலு மணிக்கு ரூமுக்குள்ள போற. ஸ்டேசன்ல இந்தக் கேஸ் வந்திருந்தா புதுசாச் சேந்த பயலே அரை மணி நேரத்துல முடிச்சிருப்பான்." குரல் சாதாரணமாகத்தான் இருந்தது. "போயி ஒன் சின்ன டிவிய எடுத்துட்டு வா."

எடுத்துவந்து கொடுத்தேன். மடியில் வைத்து இடது கையால் விசையை முழுக்க அழுத்தினான். டிவியில் கார் சீறிக்கொண்டு கிளம்பி நேராகப் போய்த் தடுப்பில் மோதி நின்றது.

"நல்லாத்தான் போவுது. எத்தன நாளு?"

"அம்பத்தாறு."

"எண்ணி வச்சிருக்க." கருவியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். "வளைவுல எல்லாம் நான் திருப்புத மாதிரியே திருப்புனியே. எங்கன படிச்ச?"

"ஒன் வண்டியில முன்னால உக்காந்து வந்திருக்கேன்லா."

தலையாட்டினான். "அந்த பிசியோ புள்ள ஒங்கிட்டக் கேட்டிருப்பாளே. கேக்காம விடுத ஆளு இல்ல அவ" என்றான்.

"கேட்டா."

"என்ன சொன்ன?"

"பாத்தேன்னு சொன்னேன்."

அண்ணன் டிவி பக்கம் திரும்பினான். தடுப்பில் மோதிய கார் அங்கேயே நின்று உறுமிக்கொண்டிருந்தது.

"என் கை சொன்னத நம்பாம டிவி சொன்னத நம்பிட்டேன். அது என் குத்தம். ஆனா அவகிட்ட நீ சொல்லிருக்கலாம்லே. அவகிட்டயாவது."

குனிந்து கன்சோலை அணைத்தேன்.

பத்திரிகையில் தவறு வந்தால் மறுநாள் உள்பக்கத்தின் அடியில் ஒரு சிறு கட்டத்தில் 'திருத்தம்' போடுவோம். இன்ன தேதியில் இன்ன செய்தியில் இன்னது தவறு, சரியானது இது. நான்கு வரி. நூற்றுக்கணக்கில் எழுதியிருக்கிறேன். அதைப் படிக்கிறவர்கள் முதல் நாள் செய்தியைப் படித்தவர்கள் அல்ல என்று எங்கள் எல்லோருக்கும் தெரியும். அன்று சாயங்காலம் மதினியிடம் நான்கு வரியில் சொன்னேன். அவள் முழுக்கக் கேட்டாள். அழவில்லை, திட்டவில்லை. "அந்தச் சாமானக் கண்ணுல படாத எடத்துல எங்கனயாவது வைங்க தம்பி" என்றாள். அலமாரியின் மேல்தட்டில் ஒரு பழைய வேட்டியில் சுற்றி வைத்தேன். அதன்பின் சில மாதங்கள் அவள் எனக்குச் சோறு போட்டாள், தம்பி என்று கூப்பிடவில்லை.

செங்கோட்டைக்குப் போய் பிசியோ பெண்ணிடமும் சொன்னேன். கோபப்படுவாள் என்று எதிர்பார்த்தேன். அவள் மேசையிலிருந்த பேனாவை மூடித் திறந்துகொண்டிருந்தாள். "அந்த ரெண்டு மாசம் விடாமச் செஞ்சிருந்தா வந்திருக்குமா?" என்று கேட்டேன்.

"சொல்ல முடியாது சார். வந்திருக்கலாம். வராமலும் போயிருக்கலாம்."

வந்திருக்கும் என்றோ வந்திருக்காது என்றோ சொல்லியிருந்தால் எதையாவது ஒன்றைப் பிடித்துக்கொண்டிருப்பேன்.

அவள் மறுபடி வரத் தொடங்கினாள். மதினி புதிய மொச்சைக்கொட்டை வாங்கி நிரப்பினாள். கண்ட்ரோலரை முதல் ஆட்டக்காரருக்கு மாற்றிக்கொடுத்தேன். நீலம். முதல் நாள் எண் ஏழு. மே கடைசியில் பதினெட்டில் இருந்தவன். தீபாவளிக்குப் பன்னிரண்டு வந்தது. பொங்கலுக்கும் பன்னிரண்டு. அதன்பின் நான் குறித்துவைப்பதை விட்டுவிட்டேன். அண்ணன் ஆடும்போது கூடத்தில் நான் உட்காருவதை அவன் விரும்பவில்லை. அறையில் இருந்தால் சுவருக்கு அப்பால் இயந்திரத்தின் ஓசை மட்டும் வரும். அந்த விளையாட்டில் வேகத்துக்கு ஏற்ப ஓசை மாறும். எண்ணைப் பார்க்காமலே எனக்குத் தெரியும்.

அவனுக்குத் தென்காசியிலேயே ஒரு காவல் நிலையத்தில் தொலைபேசி எடுக்கும் வேலை கொடுத்தார்கள். வரவேற்பு மேசை, நாற்காலி. காலையில் நான் பைக்கில் கொண்டுபோய் விடுகிறேன். பின்சீட்டில் உட்கார்ந்து வருவான். வளைவுகளில் அவன் தோள் முன்னால் வருவது என் முதுகில் தெரியும்.

இந்த ஜூனில் சாரல் தொடங்கியது. செய்தி எழுதினேன். சித்தப்பா மகன் தொலைபேசியில் "தண்ணி எப்படி விழுது?" என்று கேட்டான். வந்தார்கள். இந்தத் தடவை ஆறு பேர். அவர்களுக்கு நடந்தது எதுவும் தெரியாது. மருத்துவக் குழுவில் இருந்தவர்களைப் பணம் கொடுத்துக் கவனிக்கவில்லை, அதனால் ஓட்டுநர் வேலை போய்விட்டது என்று அவர்களாகவே முடிவுசெய்திருந்தார்கள். நான் திருத்தவில்லை. அண்ணனும் திருத்தவில்லை.

நான்காம் நாள் அருவியில் குளிக்கத் தடை. எல்லோரும் கூடத்தில் இருந்தார்கள். நான் மதினிக்கு வெங்காயம் கொண்டுவந்து கொடுத்துவிட்டு அறைக்குத் திரும்பிக்கொண்டிருந்தேன்.

"அண்ணே, நாலு மணி ஆச்சு. வண்டிய எடுங்க. போன வருசம் பாத்தது இன்னும் கண்ணுக்குள்ளயே நிக்குது" என்றான் சித்தப்பா மகன்.

"நான் எங்க ஓட்டுனேன்?" என்றான் அண்ணன்.

"ஏ, நாங்க ஏழு பேரு பாத்தோம்லா."

"எந்தம்பி நல்லா ஓட்டுவான்டே. எனக்கும் சேத்து ஓட்டுவான். கூப்பிடு அவன."

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். அவனுடைய பெருந்தன்மையைப் பார்த்துச் சித்தப்பா மகன் சிரித்தான். மதினி அடுப்படி வாசலில் நின்றாள், கையில் வெங்காயம். அண்ணன் இடது கையால் கண்ட்ரோலரை என் பக்கம் நீட்டினான். விளக்கு நீலமாக எரிந்தது. வாங்காமல் இருக்க ஒரு காரணம் சொல்ல வேண்டும். ஆறு பேர் முன்னால் சொல்லக்கூடிய காரணம் எதுவும் என்னிடம் இல்லை.

அவன் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து ஓட்டினேன். முப்பது, ஐம்பது, எண்பது. வளைவுக்கு முன் குறைத்தேன். நேர்சாலையில் நூற்றுப்பத்தைத் தாண்டியதும் பின்னால் கைதட்டினார்கள். அண்ணன் திரையைப் பார்க்கவில்லை. என் வலக்கை ஆள்காட்டி விரலையே பார்த்துக்கொண்டிருந்தான்.